கற்பனை உலகுக்குப் பஞ்சாங்கம் எழுதுவது எப்படி?

மாயாஜாலக் கதையோ வேறோர் உலகில் நடக்கும் வீரக் கதையோ எழுத உட்காருகிறவர்கள் முதலில் வரைபடம் போடுவார்கள். மலை, ஆறு, கோட்டை எல்லாம் வந்துவிடும். அப்புறம் அரச வம்சம், ஆயுதம், மந்திரம். நாள்காட்டி என்று வரும்போது மட்டும் ஒரே மாலையில் வேலை முடிந்துவிடும். அழகாகப் பன்னிரண்டு பெயர், பெயருக்கு முப்பது நாள், வாரத்துக்கு ஏழு கிழமை. கதைக்குள் அந்தப் பெயர்கள் இரண்டு மூன்று இடத்தில் தலைகாட்டும், பிறகு காணாமல் போகும். எழுதியவருக்கே மறந்துவிடும்.

அந்த நாள்காட்டியை நம்பி அந்த உலகத்தில் யாருக்கும் ஒரு வேலையும் நடக்கவில்லை என்பதுதான் காரணம். யாரோ ஒருவர் "எப்போ?" என்று கேட்கும்போதுதான் நாள்காட்டி தேவைப்படுகிறது. எப்போது விதைப்பது, எப்போது வலை வீசுவது, வட்டி எப்போது கட்டுவது, கொடியேற்றம் எப்போது. கேட்கிறவர் யார், எதற்குக் கேட்கிறார் என்று தெரிந்துவிட்டால் பாதிப் பஞ்சாங்கம் தயார். பெயரைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம்.

நான் செங்கோட்டைக்காரன். எங்களுக்கு இந்த "எப்போ?" பழகிய கேள்வி. ஆரியங்காவுக் கணவாய்க்கு இந்தப் பக்கம் நாங்கள், அந்தப் பக்கம் மலையாளம். பாவூர்சத்திரம், சுரண்டைச் சந்தைகளில் இருந்து காய்கறி லாரி லாரியாகப் புளியரை வழியாகக் கேரளத்துக்குப் போகிறது. ஓணம் நெருங்கினால் பூவும் போகும். கேந்தி, அதாவது செண்டுமல்லி, நாற்று நட்டால் பூப் பறிக்க ஏறத்தாழ இரண்டு மாதம் ஆகும். அந்தப் பூ அத்தம் தொடங்கித் திருவோணம் வரையிலான பத்து நாளுக்குள் சந்தைக்கு வந்துவிட்டால் நல்ல விலை. ஒரு வாரம் பிந்தினால் கேட்பாரில்லை. அதனால் ஆனி மாதமே டீக்கடையில் பேச்சு தொடங்கிவிடும்: "ஏண்ணே, இந்த வருஷம் ஓணம் எப்பம் வருது?"

2023-ல் திருவோணம் ஆகஸ்ட் 29. 2024-ல் செப்டம்பர் 15. 2025-ல் செப்டம்பர் 5. இப்படித் தாவுவதற்குக் காரணம் உண்டு. ஓணம் வரும் மலையாளச் சிங்க மாதம், நம் ஆவணி, சூரியனின் கணக்கு. திருவோண நாள், அந்த மாதத்துக்குள் சந்திரன் திருவோண நட்சத்திரத்தோடு நிற்கும் நாள். மாதத்தைச் சூரியனும் நாளைச் சந்திரனும் தீர்மானிப்பதால், ஒரு மாத அளவுக்கு அது முன்னும் பின்னும் போய்வரும். தமிழ் விவசாயி மலையாளக் கணக்கைக் கேட்டுக்கொண்டு நாற்று நடுகிறார். ஒரு கற்பனை நாள்காட்டிக்குத் தேவையான எல்லாமே இதில் இருக்கிறது. வானம் ஒன்று, மக்கள் இருவர், கணக்கு இரண்டு, நடுவில் காசு.

வானக் கணக்கு வகுபடாது

முதலில் அடிப்படை. பொழுது விடிந்து மறுபடி விடிந்தால் ஒரு நாள். அமாவாசையில் இருந்து அமாவாசை வரை ஒரு மாதம். ஒரு மழைக்காலம் போய் அடுத்த மழைக்காலம் வந்தால் ஓர் ஆண்டு. இந்த மூன்றும் ஒன்றுக்குள் ஒன்று சரியாக அடங்குவதில்லை. நம் பூமியில் அமாவாசைக்கு அமாவாசை சராசரியாக 29.53 நாள். ஆண்டு 365.24 நாள். பன்னிரண்டு சந்திர மாதத்தைக் கூட்டினால் 354 நாள் சொச்சம்தான் வரும். ஆண்டு முடிய இன்னும் 11 நாள் பாக்கி.

இந்தப் பாக்கியை என்ன செய்வது என்பதில்தான் உலகத்து நாள்காட்டிகள் பிரிகின்றன. இஸ்லாமிய நாள்காட்டி சந்திரனை மட்டும் பின்பற்றுகிறது. அதனால் ரமலான் ஆண்டுக்கு 11 நாள் முன்னால் நகர்ந்து, சுமார் 33 ஆண்டில் எல்லாப் பருவத்தையும் சுற்றி வந்துவிடும். தமிழ் மாதமும் மலையாள மாதமும் சூரியன் ஒரு ராசியில் இருக்கும் காலம். அமாவாசை எந்தத் தேதியில் வந்தாலும் அவற்றுக்குக் கவலை இல்லை. தெலுங்குக் கணக்கு இரண்டையும் விடாமல் பிடித்துக்கொள்கிறது. மாதம் சந்திரனுடையது, ஆனால் 32, 33 மாதத்துக்கு ஒரு முறை அதிக மாதம் ஒன்றைச் சேர்த்து ஆண்டைச் சூரியனோடு ஒட்டவைக்கிறது. அந்த அதிக மாதத்தில் கல்யாணம் வைக்க மாட்டார்கள்.

திருத்தணி, நகரி, சித்தூர்ப் பக்கம் இருப்பவர்களுக்கு இது வீட்டு விஷயம். அறுபது ஆண்டுப் பெயர்கள் தமிழருக்கும் தெலுங்கருக்கும் ஒன்றுதான். ஆனால் 2025-ல் விசுவாவசு ஆண்டு தெலுங்கு வீட்டில் மார்ச் 30 உகாதியன்றே பிறந்துவிட்டது, தமிழ் வீட்டில் ஏப்ரல் 14 சித்திரை ஒன்றுக்குத்தான் பிறந்தது. நடுவில் இரண்டு வாரம் ஒரே தெருவில் இரண்டு ஆண்டு ஓடியது. 2023-ல் உகாதி மார்ச் 22, அப்போது இடைவெளி மூன்று வாரத்துக்கும் மேல். 2024-ல் ஏப்ரல் 9, ஐந்தே நாள். சந்திரக் கணக்கும் சூரியக் கணக்கும் பக்கத்தில் பக்கத்தில் ஓடினால் இப்படித்தான் விலகும், நெருங்கும்.

கற்பனை உலகம் நம் கையில்தானே இருக்கிறது, ஆண்டுக்கு 360 நாள், மாதத்துக்கு 30 நாள் என்று வகுபடும்படி வைத்துவிட்டால் தொல்லை தீர்ந்ததே என்று தோன்றும். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். அந்தப் பின்னத்தை எடுத்துவிட்டால் அதிக மாதம் போய்விடும், அதைக் கணிக்கும் கணியர் போய்விடுவார், அவர் சொன்னதை ஏற்காத பக்கத்து ஊர் போய்விடும். கதைக்குத் தீனி போடுவதே அந்தப் பின்னம்தான்.

நீரகம் என்று ஓர் உலகம்

ஒன்றை உண்டாக்கிப் பார்க்கலாம். நீரகம் என்று பெயர் வைப்போம். வடக்கு தெற்காக ஒரு நீண்ட மலைத்தொடர். மேற்கே கடல், அங்கே துறையார் வாழ்கிறார்கள். கிழக்கே மழை குறைந்த மேட்டு நிலம், அங்கே கரிசலார். நடுவில் ஒரு கணவாய், கணவாயில் ஒரு சந்தை. நிலா ஒன்றே போதும். இரண்டு நிலா வைக்க ஆசை வரும், ஆனால் கடல் ஏற்றமும் வற்றமும் இரண்டுக்கும் சேர்த்துக் கணக்கிட வேண்டி வரும், முதல் முயற்சிக்கு அது அதிகம். நீரகத்தில் அமாவாசைக்கு அமாவாசை 28.5 நாள். ஆண்டு 380.25 நாள். இவ்வளவுதான் நாம் கொடுப்பது. மற்றதை அந்த மக்களே கண்டுபிடித்துக்கொள்ளட்டும்.

கரிசலாரிடம் போவோம். அவர்களுக்குத் தெரிய வேண்டியது விதைப்புக் காலம், அதைச் சொல்வது சூரியன். ஆனால் சூரியன் ஆண்டின் எந்த இடத்தில் இருக்கிறது என்று வெறுங்கண்ணால் எப்படித் தெரியும்? செங்கோட்டையில் நின்று மாலையில் மேற்கே பாருங்கள். டிசம்பரில் சூரியன் மலைமுகட்டின் இடது கோடியில் விழும். நாள் போகப் போக வலது பக்கம் நகர்ந்து, ஜூனில் வலது கோடிக்குப் போய்விடும். கையை நீட்டி முஷ்டி பிடித்தால் வானத்தில் ஏறத்தாழ 10 பாகை மறையும். எங்கள் ஊர் அகலாங்கில் இரண்டு கோடிக்கும் நடுவில் சுமார் 47 பாகை, அதாவது ஐந்து முஷ்டிக்குக் கொஞ்சம் குறைவு. மார்ச்சிலும் செப்டம்பரிலும் ஒரு நாளில் ஏறக்குறைய தன் வட்ட அகலம் நகர்ந்துவிடும். கோடியில் நிற்கும்போது வாரக்கணக்கில் அசைவதே தெரியாது. மலையைப் பார்த்த வீட்டில் வளர்ந்த யாருக்கும் இது கண்ணில் பட்டிருக்கும், எந்த முகட்டுக்குப் பின்னால் இறங்குகிறது என்று குறித்துப் பார்த்திருக்க மாட்டார்கள், அவ்வளவுதான்.

இதையே கரிசலாருக்குக் கொடுப்போம். ஊர் மன்றில் ஒரு கல் நட்டிருக்கிறது. அதில் முதுகு சாய்த்து உட்கார்ந்து பார்த்தால் மேற்கே எட்டு முகடு, நடுவில் ஏழு இடுக்கு. சூரியன் எந்த இடுக்கில் விழுகிறதோ அதுதான் மாதம். நடு ஐந்து இடுக்குகளைச் சூரியன் வடக்கே போகும்போது ஒரு முறையும் திரும்பும்போது ஒரு முறையும் கடக்கும், ஆக பத்து மாதம். கோடி இடுக்கு இரண்டிலும் போய்த் தங்கித் திரும்புவதால் ஆளுக்கு ஒரே மாதம். மொத்தம் பன்னிரண்டு.

மாதத்துக்கு எத்தனை நாள்? இடுக்குகள் ஏறத்தாழ சம அகலம் என்றாலும் நாள்கள் சமமாக வராது. கணக்குப் போட்டால் நட்டநடு இடுக்குக்குச் சுமார் 17 நாள், அதற்கு அடுத்தவற்றுக்கு 18, அதற்கும் அடுத்தவற்றுக்கு 21. கோடி இடுக்குக்கோ ஏறத்தாழ 95 நாள்! இதைப் பார்த்து அஞ்ச வேண்டாம். ஒரு வழிப் பயணம் 21, 18, 17, 18, 21 என்று கூட்டினால் அதுவும் 95. தெற்கே ஒரு நிலை, வடக்கே போகும் பயணம், வடக்கே ஒரு நிலை, திரும்பும் பயணம், நான்கும் ஆளுக்குத் தொண்ணூற்றைந்து. ஆண்டு 380. நானாக உட்கார்ந்து யோசித்திருந்தால் இப்படி ஓர் அமைப்பு கிடைத்திருக்காது. வானத்தையும் மலையையும் வைத்துக் கணக்குப் போட்டதால் கிடைத்தது.

சமமில்லாத மாதம் செயற்கையாகத் தெரியுமே என்று கேட்பவர்களுக்கு: நம் ஆனியும் ஆடியும் சில ஆண்டில் 32 நாள் வரும், மார்கழி பெரும்பாலும் 29 நாளில் முடிந்துவிடும். பூமி ஜனவரித் தொடக்கத்தில் சூரியனுக்கு அருகில் வருவதால் வேகமாக ஓடுகிறது, ஒரு ராசியைச் சீக்கிரம் கடக்கிறது. காரணம் வேறு, ஆனாலும் சமமில்லாத மாதத்தோடுதான் நாம் காலம் காலமாக வாழ்கிறோம்.

இனி முக்கியமான இடம். செங்கோட்டையில் சூரியன் வலது கோடிக்குப் போகும் ஜூனில் மலை தெரியாது. தென்மேற்குப் பருவம் வந்து, குற்றாலத்தில் சாரல் கட்டி, முகடு முழுக்க மேகம் மூடிக்கிடக்கும். எந்த நாளை நிச்சயமாகத் தெரிந்துகொள்ள வேண்டுமோ அந்த நாளில் வானம் மறைந்துவிடுகிறது. கரிசலாருக்கும் அப்படியே வைப்போம். வடநிலையின் 95 நாளும் மழைமூட்டம். சூரியனைப் பார்க்க வழியில்லை, ஆனால் மழை முடிந்ததும் எந்த நாளில் விதைக்கலாம் என்று தெரிந்தாக வேண்டும். என்ன செய்வார்கள்? எண்ணுவார்கள். ஊருக்கு ஒரு பெண், மன்றுப் பானையில் நாளுக்கு ஒரு புளியங்கொட்டை போடுவாள். தொண்ணூற்றைந்தாவது கொட்டை விழுந்த மறுநாள் புத்தாண்டு. நான்கு ஆண்டுக்கு ஒரு முறை கால் கால் நாளாகச் சேர்ந்த ஒரு முழு நாளையும் இந்தப் பானையில்தான் போடுவார்கள், ஏனென்றால் மூட்டத்துக்குள் ஒரு நாள் கூடுவது யார் கண்ணுக்கும் தெரியாது. பார்க்க முடியாத காலத்துக்காகத்தான் எண்ணத் தொடங்கினார்கள். காய்ச்சலில் இரண்டு நாள் கொட்டை போடாமல் விட்ட பெண், அதை யாரிடமும் சொல்லாமல் இருந்தால் என்ன ஆகும்? உங்கள் கதை இங்கேயே தொடங்கலாம்.

கடலோரக் கணக்கு, வட்டிக் கணக்கு

துறையாருக்கு விதைப்பு இல்லை. அமாவாசையிலும் பௌர்ணமியிலும் கடல் அதிகம் ஏறும், அதிகம் வற்றும். முகத்துவாரம் தாண்டிப் படகு போக முடியுமா என்பதை நிலாதான் சொல்லும். ஆகவே அவர்கள் மாதம் நிலாவுடையது, 28 நாளும் 29 நாளும் மாறி மாறி. பதின்மூன்று மாதம் 370.5 நாள். ஆண்டுக்கு 9.75 நாள் குறைகிறது. அப்படியே விட்டால் மீன் பருவமும் மாதமும் பிரிந்துபோகும். ஆனால் மூன்று ஆண்டைக் கூட்டினால் 1140.75 நாள், நாற்பது மாதத்தைக் கூட்டினால் 1140 நாள். கிட்டத்தட்ட ஒன்றாகிவிட்டது. எனவே 13, 13, 14 மாதம் என்று மூன்று ஆண்டு. நம் வானத்திலும் இப்படி ஒரு பொருத்தம் உண்டு: 19 ஆண்டும் 235 சந்திர மாதமும் சில மணி நேர வித்தியாசத்தில் ஒன்றாக முடியும்.

மிஞ்சிய முக்கால் நாளை விட்டுவிடாதீர்கள். நான்கு ஆண்டுக்கு ஒரு நாளாக அது சேரும். 114 ஆண்டில் 28.5 நாள், சரியாக ஒரு மாதம்! அந்த 114-ஆம் ஆண்டு எப்படியும் பதினாலு மாத ஆண்டு, அதில் இன்னொன்றும் சேர்ந்து பதினைந்து மாதமாகிவிடும். துறையார் அதைப் பெருஞ்சேர்ப்பு என்கிறார்கள். உயிரோடு இருக்கும் யாரும் போன பெருஞ்சேர்ப்பைப் பார்த்ததில்லை. அதை எப்படிக் கொண்டாடினார்கள், எந்த மாதத்தை இரட்டித்தார்கள் என்று ஓலையில்தான் தேட வேண்டும். ஓலை இரண்டு விதமாகச் சொன்னால்?

இதில் காசு எங்கே என்று எப்போதும் தேடுங்கள். மாத வட்டிக்குக் கடன் வாங்கிய துறையார் மீனவர் இரண்டு ஆண்டு பதின்மூன்று வட்டி கட்டுகிறார், மூன்றாம் ஆண்டு பதினாலு. கடன் கொடுத்தவர் அதிக மாதத்தை ஆவலோடு எதிர்பார்ப்பார். ஆண்டுச் சம்பளத்துக்கு வேலை பார்க்கும் உப்பளத்துக்காரர் அதே சம்பளத்துக்கு இன்னொரு மாதம் உழைக்க வேண்டும், அவர் அதை வெறுப்பார். கோவில் குத்தகை, படகு வாடகை, சிறைத் தண்டனை எல்லாம் இப்படியே. அப்படியானால் அதிக மாதத்தை அறிவிக்கும் அதிகாரம் யார் கையில்? பழைய ரோமில் இது நடந்தது. அதிக மாதம் சேர்ப்பதைச் சமயத் தலைவர்கள் தீர்மானித்தார்கள், அவர்களே அரசியல்வாதிகளாகவும் இருந்தார்கள். வேண்டியவர் பதவியில் இருந்தால் ஆண்டு நீளும், வேண்டாதவர் இருந்தால் நீளாது. கணக்கு அவ்வளவு சிதைந்துபோய், கி.மு. 46-ஆம் ஆண்டை 445 நாளாக நீட்டித்தான் ஜூலியஸ் சீசர் அதை நேராக்கினார். புதிதாக எழுதுகிறவர்களுக்கு நான் சொல்லும் முதல் யோசனை இதுதான்: பஞ்சாங்கத்தை அறிவிப்பவர் யார் என்று கதையின் முதல் பக்கம் எழுதும் முன்பே முடிவு செய்துவிடுங்கள்.

நாள் எப்போது தொடங்குகிறது?

இதை யாரும் யோசிப்பதில்லை. நமக்கு அலுவலகக் கணக்கில் நள்ளிரவு, பஞ்சாங்கக் கணக்கில் சூரிய உதயம், இஸ்லாமியக் கணக்கில் அஸ்தமனம்.

எல்லையில் இது தேதியையே மாற்றிவிடும். சூரியன் ராசி மாறும் நேரம் தமிழ்க் கணக்குக்கும் மலையாளக் கணக்குக்கும் பொதுவானது. ஆனால் மாதப் பிறப்பு எந்த நாள் என்பதற்கு இரண்டு விதி. அஸ்தமனத்துக்குள் ராசி மாறினால் அன்றே மாதப் பிறப்பு என்பது தமிழ் விதி. பகலில் ஐந்தில் மூன்று பங்கு, அதாவது உதயத்தில் இருந்து 18 நாழிகை, கழிவதற்குள் மாறினால்தான் அன்று, இல்லாவிட்டால் மறுநாள் என்பது கேரள விதி. நாழிகைக்கு 24 நிமிடம் என்றால் 18 நாழிகை 7 மணி 12 நிமிடம். ஆறேகால் மணிக்கு விடிந்தால் கேரள எல்லை மதியம் ஒன்றரை மணிக்கே முடிந்துவிடும், தமிழ் எல்லை மாலை வரை நீளும். 2023-ல் சூரியன் மேஷத்தில் நுழைந்தது ஏப்ரல் 14 பிற்பகலில். செங்கோட்டையில் அன்றே சித்திரை ஒன்று. மலைக்கு அந்தப் பக்கம் மறுநாள் 15-ஆம் தேதிதான் விஷு. 2024-ல் ஏப்ரல் 13 இரவு, அஸ்தமனத்துக்குப் பிறகு நுழைந்ததால் இருவருக்கும் மாதப் பிறப்பு ஏப்ரல் 14.

நீரகத்தில் துறையார் இரவில் கடலுக்குப் போகிறவர்கள், அவர்கள் நாள் அஸ்தமனத்தில் தொடங்கட்டும். கரிசலார் நாள் உதயத்தில். இப்போது கணவாய்ச் சந்தையில் ஒரு ராத்திரி, "இன்றைக்குள் சரக்கைக் கொடுத்துவிடுகிறேன்" என்று ஒரு துறையார் வாக்குக் கொடுக்கிறார். அவருடைய இன்று நாளை மாலை வரை. கரிசலாருக்கோ விடிந்தால் இன்று முடிந்தது. இருவரும் பொய் சொல்லவில்லை, ஆனால் விடிந்ததும் சண்டை நிச்சயம்.

கிழமைக்கு அதிகம் மெனக்கெட வேண்டாம். சந்தை எத்தனை நாளுக்கு ஒரு முறை கூடுகிறதோ அதுவே வாரம். ஐந்து நாளைக்கு ஒரு சந்தை என்று வையுங்கள், 95 நாளில் 19 சந்தை அழகாக அடங்கும். பத்து நாள் வாரம் மட்டும் வேண்டாம் என்பேன். பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் 1793-ல் கொண்டுவந்து பார்த்தார்கள், உழைக்கிறவனுக்கு ஓய்வு குறைந்துபோனதால் மக்கள் மனதில் அது ஒட்டவே இல்லை.

ஆண்டை எண்ணுவது

ஆண்டுக்கு எண் கொடுப்பதும் ஒரு முடிவுதான், எல்லா மக்களும் கொடுப்பதில்லை. மலையாளத்தாரின் கொல்லம் ஆண்டு கி.பி. 825-ல் தொடங்குகிறது. 2024 ஆகஸ்டில் சிங்கம் பிறந்தபோது 1200-ஆம் ஆண்டு பிறந்தது. தெற்கே சிங்கத்தில் ஆண்டு பிறக்க, வட மலபாரில் கன்னியில் பிறப்பதாகக் கொண்டார்கள். 1956 நவம்பர் 1 வரை செங்கோட்டை திருவிதாங்கூரிலும் பிறகு திருவிதாங்கூர்-கொச்சியிலும் இருந்ததால் இங்கே பழைய பத்திரங்களில் கொல்லம் ஆண்டுதான் இருக்கும். கன்னியாகுமரி மாவட்டத்திலும் அப்படித்தான். ஆங்கில ஆண்டில் இருந்து 825-ஐக் கழிக்க வேண்டும், சிங்கம் பிறந்த பிறகு என்றால் 824-ஐ. நாங்கள் தமிழ்நாட்டோடு சேர்ந்த அந்த நவம்பர் நாள் கொல்லம் 1132 துலாம் மாதத்தில் வருகிறது. ஆட்சி மாறினாலும் பழைய பத்திரத்தில் இருந்த ஆண்டு மாறவில்லை. கற்பனை நாட்டை ஓர் அரசன் பிடித்தால் அவன் முதலில் கைவைப்பது ஆண்டுக் கணக்கில்தான். பழைய ஆண்டிலேயே கையெழுத்துப் போடும் ஒரு கிழவரை எழுதினால் போதும், நாடு பறிபோன கதை முழுவதும் தெரிந்துவிடும்.

அறுபது ஆண்டுச் சுழற்சி வேறு விதம். விசுவாவசு என்று மட்டும் எழுதியிருந்தால் அது 2025-ஆகவும் இருக்கலாம், 1965-ஆகவும் இருக்கலாம். குறி சொல்லும் செப்பேடு, காணாமல் போன வாரிசு என்று கதை எழுதுகிறவர்களுக்கு இதைவிட நல்ல குழப்பம் கிடைக்காது.

எண்ணாமலே வாழ்கிறவர்களும் உண்டு. நீரகத்து மலைமேல் ஒரு குடி இருக்கட்டும். மூணாறு மலைகளில் நீலக்குறிஞ்சி பன்னிரண்டு ஆண்டுக்கு ஒரு முறை ஒட்டுமொத்தமாகப் பூக்கிறது. 2006-ல் பூத்தது, 2018-ல் பூத்தது. மலைக்குடிகள் எத்தனை குறிஞ்சி பார்த்தோம் என்று வயதைச் சொல்வார்கள் என்பது இந்தப் பக்கம் கேட்டுப் பழகிய பேச்சு. கேரள விவசாயிகள் ஆண்டை 27 ஞாற்றுவேலையாகப் பிரிப்பார்கள், ஒவ்வொன்றும் பதின்மூன்று பதினாலு நாள். ஜூன் 21, 22 வாக்கில் தொடங்கும் திருவாதிரை ஞாற்றுவேலையில் மிளகுக்கொடி நட்டால் பிடித்துக்கொள்ளும் என்பது அவர்கள் அனுபவம். எந்தப் பயிருக்கு எந்த மழை என்பதுதான் அங்கே நாள்காட்டி. எனக்கு மிகவும் பிடித்த பிரிவினை அது.

பெயரும் எழுத்தும்

இப்போது பெயர் வைக்கலாம். தமிழ் மாதங்களுக்கு நட்சத்திரத்தை ஒட்டிப் பெயர், அதே சூரிய மாதத்துக்கு மலையாளத்தில் ராசியின் பெயர். பெயர் வைப்பவர் எதைப் பார்க்கிறாரோ அதுதான் பெயராகும். கரிசலார் இடுக்கைப் பார்க்கிறார்கள். கூகைக்கல் என்னும் முகட்டை ஒட்டிய இடுக்கு என்றால் போகும் கூகை, வரும் கூகை என்று இரண்டு மாதம். துறையார் மாதங்களுக்கு மீன் பெயரே பொருந்தும்.

கதைக்குள் கொண்டுவரும்போது விளக்கம் வேண்டாம். "வடநிலை என்பது சூரியன் வட கோடியில் இருக்கும் 95 நாள் கொண்ட மழைக்கால மாதம்" என்று எழுதினால் வாசகர் புரட்டிவிடுவார். "பானையில் கொட்டை தொண்ணூறைத் தாண்டியும் மழை விடவில்லை. விதைநெல்லை எடுத்து வெளியே வைத்த அம்மா, மறுபடி உள்ளே வைத்தாள்" என்று எழுதினால் போதும். நாள், பருவம், கவலை மூன்றும் வந்துவிட்டது.

எழுதத் தொடங்கும் முன் ஒரு தாளில் இரண்டு பத்தி போட்டு இரு மக்களின் புத்தாண்டையும் நான்கு ஆண்டுக்கு எழுதிப் பாருங்கள். முதல் ஆண்டு இரண்டும் ஒரே நாளில் தொடங்குவதாக வைப்போம். இரண்டாம் ஆண்டு துறையார் புத்தாண்டு பத்து நாள் முந்திவிடும். மூன்றாம் ஆண்டு இருபது நாள். கரிசலார் இன்னும் கொட்டை எண்ணிக்கொண்டிருக்கும்போது மலைக்கு அந்தப் பக்கம் புதுத்துணி உடுத்தி முடித்திருப்பார்கள், அந்த இருபது நாளில் கணவாய்ச் சந்தையில் கூட்டமே இருக்காது. பதினாலு மாத ஆண்டு முடிந்து நான்காம் ஆண்டு பிறக்கும்போது வித்தியாசம் முக்கால் நாளாகச் சுருங்கிவிடும். இரண்டு பக்கத்துக் கல்யாணத்துக்கும் கடன் தீர்ப்பதற்கும் சமாதானம் பேசுவதற்கும் அந்த ஒரு நாளைத்தான் எல்லோரும் குறித்து வைத்திருப்பார்கள்.